வாயால் சுட்டால் தப்பாது

அய்யனார் கோவிலுக்கு எதற்குப் போகிறீர்கள் என்று ராஜபாளையத்துக்காரரைக் கேட்டுப் பாருங்கள். சாமி கும்பிட என்பார். நம்பாதீர்கள். ஊருக்கு மேற்கே, ஆறாவது மைல் நீர்த்தேக்கத்தைத் தாண்டி மலையடிவாரத்தில் உட்கார்ந்திருக்கிற நீர் காத்த அய்யனாருக்கு ஒரு கும்பிடு, பக்கத்தில் ஓடுகிற ஆற்றுக்கு மூன்று மணி நேரம். ஞாயிற்றுக்கிழமைக் கணக்கு இதுதான். அய்யனாரும் கோபித்துக்கொள்வதில்லை. தெற்கத்திச் சாமிகளுக்கு ஈகோ கம்மி.

எவ்வளவு கம்மி என்றால், தங்கள் திருவிழாவிலேயே தங்களைக் கிண்டலடிக்க ஆள் வைத்து, ஊர் வரிப் பணத்தில் அவனுக்குச் சம்பளமும் கொடுக்க விடுகிற அளவுக்கு. இந்தப் பக்கத்துப் பொங்கல், கொடைகளில் ஸ்பெஷல் நாடகம் பார்த்தவர்களுக்குத் தெரியும். நோட்டீஸில் ‘வள்ளி திருமணம்’ என்றுதான் இருக்கும். ஆனால் முருகன் மேடைக்கு வர நடுராத்திரி தாண்டிவிடும். அதுவரை மேடை பபூனுடையது. நாட்டாமையின் தொப்பை, மைக் செட்காரரின் மெத்தனம், புருஷன் பெண்டாட்டி சண்டை, தேவலோகத்துப் பஞ்சாயத்து, எதுவும் மிச்சமிருக்காது. வயிறு வலிக்கச் சிரித்த அதே ஜனம், ராஜபார்ட் வந்ததும் பிள்ளையை மடியில் தூங்கப்போட்டுக்கொண்டு பயபக்தியோடு நிமிர்ந்து உட்காரும். ஆக, பபூன் எதை வேண்டுமானாலும் பேசலாம். ஒரே ஒரு கண்டிஷன்: நேரமானால் இறங்கிவிட வேண்டும்.

இறங்க மாட்டேன் என்று அடம்பிடித்த பபூன் ஒருவர் இருந்தார். பெயர் எம்.ஆர். ராதா.

இந்த மாதிரி ஆசாமிகளை இங்கிலாந்தில் ‘ஆல்டர்நேட்டிவ் காமெடியன்’ என்பார்கள். லண்டன் சோஹோவில், ஆடை அவிழ்ப்பு நடனம் நடக்கிற கிளப் ஒன்றின் மாடியில், 1979 மே மாதம் ‘காமெடி ஸ்டோர்’ என்று ஒன்று திறந்தார்கள். அலெக்ஸி சேல் என்கிற மனிதர் அதற்குத் தொகுப்பாளர். டைட்டான கோட்டு மாட்டிக்கொண்டு, காசு கொடுத்து வந்தவர்களையே கண்டபடி திட்டுவார். மாமியார் ஜோக் வேண்டாம், அரசாங்கத்தையும் நம்மையும் கிழிப்போம் என்று ஒரு கூட்டமே கிளம்பியது. பத்திரிகைகள் எல்லாம் புதுசு புதுசு என்று குதித்தன. புதுசா? நம்ம ஆள் அதற்குள் நாற்பது வருஷம் இதே தொழிலைப் பார்த்து முடித்து, அதே 1979 செப்டம்பரில் கண்ணையும் மூடிவிட்டார். லண்டனுக்குத் தகவல் போய்ச் சேரவில்லை.

மகான்கள் வீட்டை விட்டு வெளியேறுவதற்கு ஒரு கம்பீரமான காரணம் இருக்கும். சித்தார்த்தன் போனது துக்கத்தின் வேரைத் தேடி. 1907-இல் சென்னையில் பிறந்த ராதாகிருஷ்ணன் போனது மீன் துண்டுக்காக. சாப்பாட்டில் கூடுதலாக ஒரு துண்டு கேட்டாராம், அம்மா அதற்குப் பதிலாக அடி கொடுத்தாராம். பையன் கோபித்துக்கொண்டு எழும்பூர் ஸ்டேஷனுக்குப் போய்ப் பெட்டி தூக்கி, அங்கே கண்ணில் பட்ட ஒரு நாடகக் கம்பெனிக்காரரோடு கிளம்பிவிட்டான். அந்த அம்மாள் அன்றைக்கு ஒரு துண்டு மீனைத் தட்டில் போட்டிருந்தால், தமிழ்நாட்டு அரசுக்கு ஒரு சட்டம் இயற்றும் வேலை மிச்சமாகியிருக்கும்.

சட்டத்தைப் பற்றிப் பிறகு சொல்கிறேன். முதலில் முதுகு.

நாடக மேடையில் ரசிகனுக்கு முதுகைக் காட்டி நிற்பது மகா பாவம். அந்தக் கால வாத்தியார்கள் பிரம்பாலேயே அதைச் சொல்லிக் கொடுப்பார்கள். ‘இழந்த காதல்’ நாடகத்தில் ராதா முதுகைத்தான் காட்டினார். நீளமான ஒரு காட்சி முழுக்க, முகமே தெரியாமல், வெறும் குரலை வைத்துக்கொண்டு. முகத்துக்குத்தான் டிக்கெட் வாங்குகிறார்கள் என்று மற்ற நடிகர்கள் பவுடர் அப்பிக்கொண்டிருந்த காலம் அது. ஜனம் எழுந்து போயிருக்க வேண்டும். போகவில்லை. அந்த நாடகத்தின் சவுக்கடி சீனைப் பார்க்கத் தவறாதீர்கள் என்று தனியாக விளம்பரம் போடுகிற அளவுக்குக் கூட்டம். இந்தச் செல்ஃபி யுகத்தில் யாராவது முதுகைக் காட்டி ஒரு ரீல்ஸ் போட்டு லைக் வாங்கட்டும் பார்க்கலாம்.

குரல் என்று சொன்னேன் இல்லையா, அது ஒரு குரல் இல்லை. அடித்தொண்டையில் ஒருத்தர், உச்சாணியில் ஒருத்தர், இரண்டு பேர் ஒரே உடம்பில் வாடகைக்கு இருந்தார்கள். ஒரு வாக்கியம் ஒருவரிடம் ஆரம்பித்து இன்னொருவரிடம் முடியும். முதல் ஆள் மரியாதையாகக் கும்பிடு போடுவார், இரண்டாவது ஆள் அந்தக் கும்பிட்டுக்கு அர்த்தம் சொல்லுவார். அன்றைய தினசரிப் பேப்பரைக் கையில் எடுத்துக்கொண்டு மேடைக்கு வந்து, கதாபாத்திரம் படிக்கிற மாதிரியே செய்தி படித்து, மந்திரி, சாமியார், சினிமா நட்சத்திரம் என்று வரிசையாகத் தோலுரிப்பார். இன்றைக்கு ஸ்டாண்ட்-அப் பையன்கள் ‘க்ரவுட் வொர்க்’ என்று ஒன்றைச் சொல்லிப் பெருமைப்படுகிறார்களே, அது ராதாவுக்கு நித்தியப்படி. முன்வரிசையில் ஓசி பாஸில் வந்து காலைத் தூக்கிப் போட்டு உட்கார்ந்திருக்கிற பெரிய மனுஷர்தான் பெரும்பாலும் வசனத்தின் மீதிப் பகுதி.

இப்படிப் பேசினால் கல் வராதா? வந்தது. செருப்பும் வந்தது. லண்டனில் கூட்டத்துக்குப் பிடிக்கவில்லை என்றால் ‘டங்’ என்று ஒரு மணி அடித்து ஆளை அனுப்பிவிடுவார்கள், நாகரிகமான ஊர். இங்கே மணிக்குப் பதில் மண்ணாங்கட்டி. ராதா என்ன செய்தார் என்றால், வந்து விழுந்ததை எல்லாம் பொறுக்கி எடுத்துக் கொட்டகை வாசலிலேயே கண்காட்சி வைத்தார் என்று சொல்வார்கள். எறிந்தவனே மறுநாள் டிக்கெட் எடுத்து வந்து தன் செருப்பைப் பார்த்துவிட்டுப் போகலாம். திருப்பித் தருவதாக இல்லை.

நடிகவேள் என்று பட்டம் கொடுத்தது பட்டுக்கோட்டை அழகிரி. ‘தூக்குமேடை’ நாடகம் எழுதிய ஒல்லி இளைஞருக்குக் கலைஞர் என்று பட்டம் கொடுத்தது ராதா. பட்டம், பூஜை, புனஸ்காரம் எல்லாவற்றையும் கிழித்த மனிதர் பட்டம் வாங்கவும் செய்தார், வழங்கவும் செய்தார். அவர் வழங்கியது ஐந்து முறை கோட்டைக்குப் போயிற்று.

இந்த மாதிரிச் சறுக்கல்கள்தான் எனக்கு அவரிடம் ரொம்பப் பிடித்தவை. சினிமாக்காரனைக் கும்பிடாதே என்று ஊர் ஊராகக் கத்தியவரை 1950-களின் தொடக்கத்தில் சினிமா மறுபடியும் கூப்பிட்டது. ‘பராசக்தி’ எடுத்த நேஷனல் பிக்சர்ஸ் பெருமாள் முதலியார், ‘ரத்தக்கண்ணீர்’ நாடகத்தைப் படமாக்க வேண்டும் என்று வந்து நின்றார். ராதா மாட்டேன் என்று சொல்லவில்லை. கே.பி. சுந்தராம்பாள் 1935-இலேயே ‘பக்த நந்தனார்’ படத்துக்கு ஒரு லட்சம் வாங்கியவர். அப்படியானால் எனக்கு ஒன்றேகால் லட்சம் என்றாராம். அந்த இருபத்தைந்தாயிரம் எதற்கு? பக்தியை விடப் பகுத்தறிவுக்குக் கால் பங்கு ரேட் கூடுதல் என்று நான் எடுத்துக்கொள்கிறேன். நாடகம் முடிந்து ராத்திரிதான் ஷூட்டிங் வருவேன் என்று இன்னொரு நிபந்தனை வேறு. கிருஷ்ணன்–பஞ்சு இருவரும் தூக்கத்தைத் தியாகம் செய்து 1954-இல் படத்தை வெளியே கொண்டுவந்தார்கள்.

‘ரத்தக்கண்ணீர்’ பற்றி ஒரு சின்னச் சந்தேகம் கேட்கலாமா? அடிக்க வரக் கூடாது. எழுதியவர் திருவாரூர் கே. தங்கராசு, கறுப்புச் சட்டைக்காரர். நடித்தவர் ராதா, அவரும் கறுப்புச் சட்டை. கர்மா, விதி, பாவ புண்ணியம் எல்லாம் புரட்டு என்கிற கட்சி. கதையோ, தாயையும் பெண்டாட்டியையும் உதாசீனம் செய்துவிட்டு தாசி வீடே கதி என்று கிடந்த மோகனசுந்தரத்துக்குக் குஷ்டம் வருகிறது. ஏன் வருகிறது? பாவம் செய்தானே, அதனால்! குஷ்டத்துக்குக் காரணம் ஒரு பாக்டீரியா என்று நார்வேயில் ஹான்சன் 1873-லேயே கண்டுபிடித்துச் சொல்லியாகிவிட்டது. நமது பகுத்தறிவு நாடகம் அதைக் கேள்விப்படாதது போல நடந்துகொண்டது. எந்தப் பௌராணிகரும் வெட்கப்படுகிற அளவுக்குச் சுத்தமான கர்ம வினைக் கதை.

ஆனால் யார் கவலைப்பட்டார்கள்? நீதி சொல்ல எழுதின படத்தில் நீதி யாருக்கும் ஞாபகம் இல்லை. சீமையிலிருந்து திரும்பி வந்து நம்ம ஊர் வெயில், சாப்பாடு, பழக்கவழக்கம் எல்லாவற்றுக்கும் மூக்கைச் சுளிக்கிற அந்த மோகனசுந்தரம், சகலமும் போய்த் தெருவில் நிற்கும்போதும் வாயை மூடாத அந்த மோகனசுந்தரம், அவன்தான் நிற்கிறான். எம்.என். ராஜம் மாடிப்படியில் அவனை உதைத்து உருட்டும்போது, நியாயப்படி நாம் கை தட்ட வேண்டும். ஐயோ பாவம் என்கிறோம். வில்லனைத் திருத்த வந்த நாடகம், நம்மை வில்லன் கட்சிக்கு மாற்றிவிட்டு வீட்டுக்கு அனுப்பியது. எழுபது வருஷமாக ஒரு மிமிக்ரிக்காரர்கூட அதன் நீதியை மிமிக்ரி செய்ததில்லை.

அதே 1954-இல்தான் ராமாயணம் வந்தது. அதாவது ராதா போட்ட ராமாயணம். வால்மீகியில் இருப்பதைத்தான் சொல்கிறேன், ஆதாரம் இதோ என்று ஒரு கட்டுப் புத்தகத்தைக் காட்டிக்கொண்டு, ராமர் வேஷத்தில் கையில் கள்ளுக் கலயத்தோடு மேடைக்கு வந்தார். மனம் புண்படுகிறவர்கள் தயவுசெய்து வர வேண்டாம், அவர்கள் காசும் எனக்கு வேண்டாம் என்று முன்கூட்டியே விளம்பரம் வேறு. நெட்ஃபிளிக்ஸ்காரர்கள் படத்துக்கு முன்னால் போடுகிறார்களே ‘ட்ரிகர் வார்னிங்’, அதைக் காசு கொடுத்துப் பத்திரிகையில் போட்ட முதல் தமிழர் இவராகத்தான் இருக்கும். விளைவு? மனம் புண்படுகிறவர்கள்தான் முதலில் வந்தார்கள். புண்படப் போகிறது என்று தெரிந்த பிறகு வீட்டில் உட்கார்ந்திருக்க யாருக்கு மனசு வரும்?

கும்பகோணத்தில் போலீஸ் வந்து கைது செய்தபோது வேஷத்தைக் கலைத்துவிட்டு வா என்றார்கள். ராதா மறுத்தார். கிரீடம், வில், கலயம் சகிதமாக ராமரைப் போலீஸார் தெருவில் நடத்திக்கொண்டு போனார்கள். நாடகம் பார்க்க டிக்கெட் கிடைக்காதவர்களுக்கு அன்றைக்கு இலவசக் காட்சி, தயாரிப்பு காவல்துறை.

இப்போது சட்டம். இங்கேதான் நம்ம பக்கம் கதைக்குள் நுழைகிறது. 1952 தேர்தலில் ஸ்ரீவில்லிபுத்தூரிலிருந்து மக்களவைக்குப் போனவர் காமராஜர். 1954 ஏப்ரலில் அவர் சென்னை மாநில முதலமைச்சர். அதற்குக் கொஞ்ச காலம் முன்னால்வரை அந்த நாற்காலியில் இருந்த குமாரசாமி ராஜா, சாட்சாத் ராஜபாளையத்துக்காரர். முதலமைச்சர் தயாரிப்பில் இந்தச் சீமைக்கு அப்போது ஏகபோகம். காமராஜர் சட்டமன்றத்துக்குள் வரக் குடியாத்தத்தில் இடைத்தேர்தலில் நின்றபோது ஆதரவு கொடுத்தவர்களில் முக்கியமானவர் பெரியார். அந்த ஆதரவில் ஜெயித்து வந்த அரசு, அதே வருஷம் பெரியாரின் சீடரை மடக்க ‘சென்னை நாடக நிகழ்ச்சிகள் சட்டம், 1954’ என்று ஒன்றை நிறைவேற்றியது. சட்டத்தில் ராதாவின் பெயர் இல்லை. இருக்கத் தேவையும் இல்லை, தமிழ்நாட்டில் வேறு யாருக்காகத் தனியாக ஒரு நாடகச் சட்டம் போடுவார்கள்?

அரசாங்க லெட்டர்பேடின் தலையில் ஒரு கோபுரம் இருக்கும், பார்த்திருப்பீர்கள். அது எங்கள் ஆண்டாள் கோவில் கோபுரம் என்பது ஸ்ரீவில்லிபுத்தூர்க்காரர்களின் அசைக்க முடியாத கட்சி. இல்லை எங்கள் மீனாட்சி கோவில் கோபுரம் என்பது மதுரைக்காரர்களின் கட்சி. நமக்கு எதற்கு வம்பு, ஸ்ரீவில்லிபுத்தூர் என்றே வைத்துக்கொள்வோம். கோவில், சாமி, கோபுரம் எல்லாவற்றையும் வாரு வாரு என்று வாரிய மனுஷனுக்கு வந்த அரசாங்கக் கடுதாசி ஒவ்வொன்றிலும் ஆண்டாளே உச்சியில் நின்று பார்த்துக்கொண்டிருந்தாள்.

புதுச் சட்டத்தின்படி அதிகாரிகள் நாடகத்தின் ஸ்கிரிப்டைக் கேட்டு வாங்கலாம். யாரிடம்? அன்றைய பேப்பரைப் பார்த்து அன்றைய வசனம் பேசுகிறவரிடம்! நாளை மறுநாள் நீங்கள் என்ன தும்முவீர்கள், முன்கூட்டியே எழுதிக் கொடுங்கள் என்று கேட்கிற மாதிரி. ஒரு பெயரில் தடை வந்தால் இன்னொரு பெயரில் அதே நாடகத்தைப் போடுவது ராதாவுக்குப் பழக்கம். நோட்டீஸ் அச்சடித்த அச்சாபீஸ்காரர்கள்தான் இந்தப் போராட்டத்தில் உண்மையில் லாபம் அடைந்த தரப்பு.

இவ்வளவு கூர்மையான வாய் உள்ளவருக்குக் கை மட்டும் ஏன் அப்படி என்பதுதான் புரியாத விஷயம். 1937-இல் ‘ராஜசேகரன்’ படத்தில் மாடியிலிருந்து குதிரை மேல் குதிக்கிற காட்சி. குதித்தார். கால் முறிந்தது. ‘இழந்த காதல்’ படமானபோது கலைவாணர் என்.எஸ். கிருஷ்ணன் தன்னை விட்டுவிட்டு வேறு ஆளைப் போடுகிறார் என்று கேள்விப்பட்டு, துப்பாக்கியோடு அவரைச் சுடக் கிளம்பினார் என்பது நாடக வட்டாரத்தில் வழிவழியாக வருகிற கதை. கலைவாணர் பேசியே ஆளைக் கரைத்து அனுப்பிவிட்டாராம். ஒரு காமெடியனைச் சுடப் போகிற இன்னொரு காமெடியனுக்கு வேறு என்ன நடக்கும்?

எல்லோரும் கலைவாணர் ஆக முடியாதே. 1967 ஜனவரி 12. ராமாவரம் தோட்டம். ‘பெற்றால்தான் பிள்ளையா’ தயாரிப்பாளர் வாசுவோடு எம்.ஜி.ஆரைப் பார்க்கப் போனார் ராதா. பேச்சு முற்றியது. துப்பாக்கி வெடித்தது. எம்.ஜி.ஆருக்குக் கழுத்தில் குண்டு. ராதா தன்னையும் சுட்டுக்கொண்டார். கைக்கெட்டும் தூரத்தில் இரண்டு பேரைச் சுட்டும் இரண்டு பேருமே பிழைத்தார்கள், சுட்டவர் உட்பட. இரண்டு பேருக்கும் ஒரே ஆஸ்பத்திரியில் வைத்தியம். வெளியே ஆயிரக்கணக்கில் ஜனம் அழுதது, சினிமாக்காரனைக் கும்பிடாதே என்று ராதா இத்தனை வருஷம் சொன்னதை ஒருத்தரும் காதில் வாங்கவில்லை என்பது அன்றைக்கு நிரூபணமாயிற்று.

அடுத்த மாதம் தேர்தல். கழுத்தில் கட்டோடு எம்.ஜி.ஆர். இருக்கிற போஸ்டர் சுவரெல்லாம் சிரித்தது. பிரசாரத்துக்கே போகாமல் பரங்கிமலையில் அவர் ஜெயித்தார். ராதாவின் தலைவர் பெரியார் அந்தத் தேர்தலில் யாரை ஆதரித்தார்? காமராஜரை. நாடகச் சட்டத்தை எல்லாம் மன்னித்து ராதாவும் அந்தக் கட்சிதான். அந்தக் காமராஜர் சொந்த ஊரான விருதுநகரில், பெ. சீனிவாசன் என்கிற மாணவர் தலைவரிடம் 1,285 ஓட்டில் தோற்றார். இந்தி, அரிசி, விலைவாசி என்று காரணங்கள் ஆயிரம் உண்டு, வரலாற்றுப் பேராசிரியர்கள் சொல்வார்கள். போஸ்டரும் ஒரு காரணம் என்று ஊர்த் திண்ணைகள் சொல்கின்றன. ராமாவரத்தில் எம்.ஜி.ஆரைக் குறி வைத்த குண்டு முன்னூறு மைல் தாண்டி வந்து தன் கட்சித் தலைவர் மீதே விழுந்தது. துப்பாக்கி சுடுவதில் இந்த அளவு ரேஞ்ச் வேறு யாருக்கும் கிடையாது.

ஏழு வருஷத் தண்டனை மேல்முறையீட்டில் குறைந்து, 1971-இல் வெளியே வந்தார். அப்போது முதலமைச்சர் யார்? இவர் பட்டம் கொடுத்த அதே கலைஞர். ராதா மறுபடி ஒப்பனைப் பெட்டியைத் தூக்கிக்கொண்டு நாடகத்துக்குக் கிளம்பினார். நெருக்கடி நிலையின்போது மிசாவில் மீண்டும் உள்ளே. அறுபது வயதைத் தாண்டிய ஒரு குஷ்டரோகி வேஷக்காரரைக் கண்டு டெல்லி வரைக்கும் பயப்படுகிறது என்றால், அது விருதுதான். இதற்கு மட்டும் அவர் ரேட் பேசவில்லை.

1979 செப்டம்பர் 17 அன்று திருச்சியில் இறந்தார். அன்றைக்குத் தமிழ்நாடு முழுக்கப் பெரியாரின் நூற்றாண்டு விழா. தற்செயல், விதி, கிரகம் எதையும் நம்பாத மனிதர், சாகிற தேதியை மட்டும் ஜோசியர் பார்த்துக் கொடுத்த மாதிரி எடுத்துக்கொண்டார். முதலமைச்சராக அப்போது இருந்தவர் எம்.ஜி.ஆர்.

1954 சட்டம் அவரோடு போகவில்லை. மாநிலத்தின் பெயர் மாறியபோது சட்டத்தின் பெயரும் ‘தமிழ்நாடு’ என்று மாறியது, உயிர் மட்டும் அதே உயிர். பின்னாளில் நாடகம் போட்டவர்கள் எல்லாம் ராதாவின் வாய்க்காக எழுதப்பட்ட அந்தச் சட்டத்தின் கீழ் போலீஸ் ஸ்டேஷன் வாசலில் நின்றார்கள். ஷேக்ஸ்பியர் போட்டவர்களும் சேர்த்தி. கடைசியில் ‘பரீக்ஷா’ நாடகக் குழுவின் ஞாநி வழக்குப் போட்டு, 2013-இல் சென்னை உயர் நீதிமன்றம் அதன் முக்கியப் பிரிவுகள் செல்லாது என்று தூக்கி எறிந்தது. ஆள் போய் முப்பத்து மூன்று வருஷம் கழித்தும், அடுத்து என்ன பேசுவாரோ என்று அரசாங்கம் ஸ்கிரிப்ட் கேட்டபடியே இருந்திருக்கிறது.